தொப்பிக்காரருக்கு இரண்டு வேக்காடு

பிப்ரவரி 9, ஞாயிறு இரவு

கிழங்கு செய்பவர் அவர்களுக்கு,

தயவுசெய்து இதை யாருக்கும் காட்டாதீர்கள். கடை முதலாளிக்கு வேண்டாம், கல்லாவில் இருக்கும் அண்ணனுக்கு வேண்டாம். வெள்ளிக்கிழமை சாயங்காலம் சாம்பல் நிறச் சட்டையில் வந்து மீன் கிழங்கு மூன்று வாங்கிப் போகிறவருக்கு வேண்டவே வேண்டாம். அவர் என் அப்பா. படித்ததும் அடுப்பில் போட்டுவிடுங்கள்.

உங்கள் கடை ஹாட் பாக்ஸின் அடிப்பாகம் திருகினால் கழன்று வருகிறது. கழுவும்போது தற்செயலாகத்தான் பார்த்தேன். உள்ளே கொஞ்சம் இடம் இருக்கிறது. நீங்கள் கவனிக்க வேண்டும் என்பதற்காகக் கடிதத்தோடு நாலைந்து மிளகும் போட்டிருக்கிறேன். ஆட்டினால் சத்தம் கேட்கும். நாளைக் காலை அப்பா இதைக் கடையில் திருப்பிக் கொடுப்பார். அவர் அதை ஆட்டாமல் பிடித்துக்கொண்டு போக வேண்டும் என்று வேண்டிக்கொண்டிருக்கிறேன்.

நான் ஒன்பதாம் வகுப்பு. மனையியல் செய்முறைத் தேர்வு வருகிறது. மீனும் சீஸும் அடைத்துச் சுட்ட உருளைக்கிழங்கு செய்வதாக டீச்சரிடம் சொல்லியிருக்கிறேன். அதனால் இது யார் கையிலாவது சிக்கினால் சமையல் குறிப்பு கேட்டு எழுதினேன் என்று சொல்லிக்கொள்ளலாம். ஆனால் நான் கேட்க வந்தது குறிப்பு இல்லை.

போன வெள்ளிக்கிழமை வந்த மூன்று கிழங்குகளில் ஒன்றின் மூடியில் முகம் இருந்தது. முள்கரண்டியால் குத்திய இரண்டு கண், கீழே கோணல் வாய். அத்தைதான் பரிமாறினாள். அத்தை என்றால் அப்பாவின் அக்கா, எங்களோடுதான் இருக்கிறாள். “இது என்னடி, கிழங்கு என்னை முறைக்குது? நீயே வச்சுக்கோ” என்று என் தட்டில் போட்டாள். அப்பா நிமிர்ந்து பார்ப்பதற்குள் நான் அந்த முகத்தைத் தின்றுவிட்டேன். சூட்டில் நாக்கு வெந்துபோனது. என்ன தின்றேன் என்றே தெரியவில்லை, அழுகையை விழுங்கினது மட்டும் தெரியும்.

அப்படி முகம் குத்துகிறவர் ஒருவரைத்தான் எனக்குத் தெரியும். அவர் என்னை வேண்டாம் என்று சொல்லிவிட்டுப் போனதாக அப்பா சொல்கிறார்.

முகம் வைத்த கிழங்குக்கு ஒரு பெயர் உண்டு. நீங்கள் நான் நினைக்கிறவர் என்றால் அந்தப் பெயரை எழுதுங்கள். இல்லையென்றால் மன்னித்துக்கொள்ளுங்கள், கிழங்கு நன்றாக இருந்தது, உப்புதான் சற்றுத் தூக்கல்.

அறை விளக்கைப் போட்டால் தெரிந்துவிடும். வாசல் கதவுக்கு அடியில் மாடிப்படி விளக்கின் வெளிச்சம் ஒரு கோடாக விழுகிறது. தரையில் படுத்து அதில்தான் எழுதுகிறேன். படியில் யாராவது ஏறினால் கால் நிழல் இந்தத் தாளின் மேல் நடந்து போகிறது. ஒவ்வொரு தடவையும் உயிர் போய் உயிர் வருகிறது.

இப்படிக்கு,
பெயர் எழுத பயப்படும் ஒருத்தி


பிப்ரவரி 14, வெள்ளி

என் சிட்டுக்கு,

தொப்பிக்காரர்.

அவர் பெயர் தொப்பிக்காரர். மூடிதான் அவருக்குத் தொப்பி. கண்ணில்லாத கிழங்கைச் சாப்பிட மாட்டேன் என்று நீ அடம்பிடித்தபோது வைத்த முகம். இப்போது நம்புகிறாயா?

பாத்திரம் தேய்க்கிற அக்கா “இந்த டப்பாவுக்குள்ள என்னமோ உருளுது” என்று தூக்கிப் போடப் போனாள். பிடுங்கிக்கொண்டேன். உன் எழுத்தைப் பார்த்ததும் அடுப்படி மூலையில் அப்படியே உட்கார்ந்துவிட்டேன். என்ன ஆச்சு என்று எல்லோரும் கேட்டார்கள். வெங்காயம் என்றேன். அன்றைக்கு வெங்காயமே அரியவில்லை.

உன்னை வேண்டாம் என்று நான் சொல்லவில்லை கண்ணு. அன்று இரவு அவர் என்னை வெளியே தள்ளித் தாழ்ப்பாள் போட்டார். நான் விடிய விடியத் தட்டினேன். “பாப்பா தூங்கிட்டா, தெருவையே எழுப்பாதே” என்று உள்ளிருந்து சொன்னார். விடிந்து நான் என் அண்ணனை அழைத்து வருவதற்குள் வீடு காலி. போன தடம் தெரியவில்லை.

அவருடைய கம்பெனிக்கு எந்தெந்த ஊரில் கிளை இருக்கிறது என்று மட்டும் எனக்குத் தெரியும். ஒவ்வோர் ஊராகப் போய், கிளைக்குப் பக்கத்தில் எந்தச் சாப்பாட்டுக் கடை இருக்கிறதோ அங்கே வேலைக்குச் சேர்ந்தேன். சேர்ந்ததும் முதலாளியிடம் கெஞ்சி வெள்ளிக்கிழமைப் பலகையில் இந்தக் கிழங்கை எழுதச் சொல்வேன். உன் அப்பாவுக்கு யார் மேலும் ஆசை கிடையாது, இதன் மேல் மட்டும் உண்டு. மூன்றாவது ஊரில் அவர் குரல் கேட்டது. “கிழங்கு மூணு. முள் இல்லாம பாத்துக்கோங்க.” பரிமாறும் ஜன்னலுக்குப் பின்னால் நான் தட்டைப் பிடித்துக்கொண்டு நின்றேன். மீனைப் போட்டு மீன் பிடித்தவள் நான் ஒருத்தியாகத்தான் இருப்பேன்.

அவர் பின்னாலேயே வந்து வீட்டைப் பார்த்துவிடலாம். ஆனால் அவர் ஒரு தடவை திரும்பிப் பார்த்துவிட்டால் மறுநாளே நீ வேறு ஊரில் இருப்பாய். அதனால் நீயே முகவரியை எழுது. நீதிமன்றத்தில் என் மனு முகவரி இல்லாமல்தான் கிடக்கிறது. முகவரி வந்துவிட்டால் உன்னை என்னிடம் ஒப்படைக்கச் சொல்லும் உத்தரவுத் தாள் கிடைக்கும், தாளோடு ஓர் அதிகாரியம்மாவும் வருவார்.

யாராவது பார்த்தால் காட்டுவதற்குக் குறிப்பும் எழுதுகிறேன். நல்ல பெரிய கிழங்காக எடு. கழுவி, ஈரம் துடைத்து, முள்கரண்டியால் குத்திவிட்டு, எண்ணெயும் உப்பும் தடவி முழுசாகச் சுடு. குத்தாமல் வைத்தால் வெடிக்கும். கத்தி வெண்ணெயில் இறங்குவதுபோல் இறங்கினால் முதல் வேக்காடு முடிந்தது. மேலே தொப்பியை வெட்டி, தோல் கிழியாமல் உள்ளே இருப்பதை வழித்தெடு. வேகவைத்த மீனை விரல் நுனியால் உதிர்த்து முள் பார். கண்ணை நம்பாதே, விரலை நம்பு. வழித்த கிழங்கு, மீன், வெண்ணெய், மிளகு, துருவிய சீஸ் எல்லாம் கலந்து அடைத்து, மேலே இன்னும் கொஞ்சம் சீஸ் தூவித் திரும்பவும் உள்ளே வை. சீஸ் பொரிந்து பழுப்பானதும் எடு. இரண்டு வேக்காடு, மறக்காதே. ஒரே வேக்காட்டில் அது ஆகவே ஆகாது.

தொப்பிக்காரர் விளையாட்டு நினைவிருக்கிறதா? பெயரை மட்டும்தான் எழுதினேன். மிச்சத்தை நீயும் எழுதாதே, நானும் எழுதமாட்டேன். அது நம் இரண்டு பேர் வாயில் மட்டும் இருக்கட்டும்.

உப்பைக் குறைத்துவிட்டேன்.

உன் அம்மா


பிப்ரவரி 16, ஞாயிறு இரவு

அம்மா,

அம்மா என்று எழுதவே கை கூசுகிறது. அவ்வளவு நாளாகிவிட்டது.

நான் தூங்கவில்லை அம்மா. அன்று இரவு நீ தட்டினது எல்லாமே கேட்டது. அப்பா என் தோளில் கை வைத்து உட்கார்ந்திருந்தார். அழுத்தவில்லை, சும்மா வைத்திருந்தார். அவர் பாத்ரூம் போனபோது ஓடினேன். மேல் தாழ்ப்பாள் எட்டவில்லை. நாற்காலியை இழுத்தால் சத்தம் கேட்கும். இப்போது கால் விரலில் நின்றால் எட்டுகிறது. தினமும் தொட்டுப் பார்த்துக்கொள்கிறேன்.

அப்பா அடிக்கமாட்டார். கத்தவும் மாட்டார். கோபம் வந்தால் வாசலில் இருக்கும் செருப்புகளை நேராக அடுக்குவார். எல்லா ஜோடியும் சுவரைப் பார்த்து ஒரே கோட்டில் நிற்கும். அப்புறம்தான் ஏதாவது நடக்கும். போன வருஷம் நான் தோழி வீட்டுக்குப் போய்விட்டு வந்தபோது செருப்புகள் அப்படி நின்றன. மறுநாளே பள்ளிக்கூடம் மாற்றிவிட்டார். அவளிடம் சொல்லிக்கொள்ளக்கூட விடவில்லை.

அத்தைக்கும் அவரைக் கண்டால் பயம்தான், ஆனால் வாய் சும்மா இருக்காது. நான் ஹாட் பாக்ஸைக் கழுவப் போனால் “என்னடி இது, சொந்தத் தட்டைக் கழுவ மூக்கால அழுவே, கடைக்காரன் டப்பான்னா ஓடிவர்றே” என்கிறாள். அவளுக்குத் தெரியுமோ என்னவோ.

தேர்வு முடிந்ததும் ஊரை விட்டுப் போகிறோமாம். எந்த ஊர் என்று கேட்டதற்கு, “போனதும் தெரியப்போகுது” என்றார். அங்கே பள்ளிக்கூடம் வேண்டாமாம், வீட்டிலேயே படித்துக்கொள்ளலாமாம். சிரித்துக்கொண்டே சொன்னார்.

முகவரி பின்பக்கம் இருக்கிறது. சீக்கிரம் அம்மா.

சிட்டு


பிப்ரவரி 21, வெள்ளி

என் சிட்டுக்கு,

சூடான தட்டு பட்டுக் கை வெந்துவிட்டது. அதனால் கடையில் வேலை செய்யும் ஒரு பெண்ணை எழுதச் சொல்லி இதை அனுப்புகிறேன். எழுத்து வேறாக இருக்கிறதே என்று நினைக்காதே.

நிதானமாக யோசித்துப் பார்த்தேன். நான் அவசரப்பட்டு ஆசை காட்டிவிட்டேன். என் நிலைமையில் உன்னை அழைத்துக்கொள்ள முடியாது. எனக்கு இங்கே வேறு வாழ்க்கை அமைந்துவிட்டது. உன்னை இத்தனை வருஷம் வளர்த்தவர் உன் அப்பா. அவர் கண்டிப்பானவரே தவிரக் கெட்டவர் இல்லை. எது செய்தாலும் உன் நல்லதுக்குத்தான் செய்வார். அவர் கூப்பிடும் ஊருக்குச் சமர்த்தாகப் போ.

இனி எனக்கு எழுத வேண்டாம். நானும் எழுதமாட்டேன். இதுவரை எழுதியவற்றை வைத்திருந்தால் கிழித்துப் போட்டுவிடு. தொப்பிக்காரரையும் மறந்துவிடு, நீ சின்னக் குழந்தை இல்லை.

தேர்வுக்குக் கிழங்கு செய்வதாக இருந்தால் அது ஒன்றும் பெரிய வித்தை இல்லை. கிழங்கைக் கழுவிக் குடைந்து, மீனையும் சீஸையும் உள்ளே வைத்து, மூடி, ஒரே தடவையாக ஒரு மணி நேரம் சுட்டால் போதும்.

நன்றாகப் படி.

அம்மா


மார்ச் 1, சனி இரவு

அம்மா,

இது உன் கைக்கு வருமா என்று தெரியாது. யாருக்கும் காட்டாதே என்று போன மாதம் எழுதினேன். இப்போது நானே அத்தையிடம் கொடுத்து அனுப்பப் போகிறேன்.

உன்னிடம் இருந்து கடைசியாக வந்த கடிதத்தில், என்னை வேண்டாம் என்று இருந்தது. அன்று அப்பா தாமதமாக வந்தார். கிழங்கு ஆறிப்போயிருந்தது. டப்பாவை ஆட்டினால் மிளகுச் சத்தமே இல்லை. அதை எல்லாம் நான் யோசிக்கவில்லை. படித்துவிட்டு விடியும்வரை வாயில் துண்டை வைத்து அழுதேன். காலையில் அத்தை, “கண்ணு என்ன, குளவி கொட்டினாப்ல?” என்றாள். அப்பா, “பரீட்சை பயம்” என்று சொல்லி என் தலையைத் தடவினார். நான் ஏன் அழுதேன் என்று அவருக்கு எப்படித் தெரியும் என்றும் அப்போது தோன்றவில்லை.

அதைக் கிழிக்க மனம் வரவில்லை. திரும்பத் திரும்பப் படித்தேன். நாலைந்து நாள் கழித்துத்தான், அழுகை எல்லாம் வற்றினபிறகு, கடைசி வரிகள் கண்ணில் பட்டன. பச்சைக் கிழங்கை எப்படிக் குடைவது? ஒரே தடவையாக எப்படிச் சுடுவது? இரண்டு வேக்காடு, மறக்காதே என்று எழுதிய நீயா ஒரு வாரத்தில் மறந்துவிடுவாய்? கை வெந்தால் எழுத்து மாறலாம். வேக்காடு மாறாது.

அந்தக் கிழங்கைத் தின்று மட்டுமே பழகின ஒருவர்தான் அப்படி எழுத முடியும். நம் வீட்டில் அப்படி ஒருவர்தான் இருந்தார்.

அம்மா, அழுகை நின்று அதைவிடப் பெரிய பயம் வந்தது. அவருக்கு எல்லாம் தெரியும். உன் கடிதத்தை எடுத்துக்கொண்டு அவர் கடிதத்தை வைத்திருக்கிறார். நான் போட்ட மிளகைப் பார்த்து நீயும் மிளகு போட்டிருப்பாய். அந்தச் சத்தம்தான் காட்டிக்கொடுத்திருக்கும். நான் நம்பிவிட்டேன் என்று அவர் நினைக்கும்வரைதான் எனக்குப் பாதுகாப்பு.

நேற்று வெள்ளிக்கிழமை அப்பா கிழங்கு வாங்கி வரவில்லை. கிழங்கும் மீனும் சீஸும் தனித்தனியாக வாங்கி வந்தார். பையை மேஜையில் வைத்து, “இன்னிக்கு நீயே பண்ணும்மா. பரீட்சைக்குப் பழகின மாதிரி ஆச்சு” என்றார். சமையலறை வாசலில் நாற்காலி போட்டு உட்கார்ந்தார். அவர் அங்கே உட்கார்ந்து நான் பார்த்ததே இல்லை.

நான் என்ன செய்ய வேண்டும் என்று எனக்குப் புரிந்துவிட்டது. சரியாகச் செய்தால் மாட்டிக்கொள்வேன். தப்பாகச் செய்ய வேண்டும், அவர் எழுதின மாதிரியே.

அத்தைக்கு ஓவன் என்று சொல்ல வராது. அவளுக்கு அது எப்போதும் அவன்தான், நம்மைப்போல ஓர் ஆள். “அவன் சூடாயிட்டானா பாரு. அவன் எப்ப சூடாவான்னு யாருக்குமே தெரியாது” என்றாள். வழக்கமாக நான் சிரிப்பேன். நேற்று அவள் அப்பாவைப் பார்த்துக்கொண்டே சொன்னாள். அவரும் சிரிக்கவில்லை.

பச்சைக் கிழங்கைக் கத்தியால் குடைந்தேன். கல்லைக் குடைகிற மாதிரி இருந்தது. கை வழுக்கி விரல் கிழிந்தது. பச்சை மீனை அடைத்தேன். முகம் குத்தவில்லை. அத்தை, “ஏன்டி, முதல்ல” என்று ஆரம்பித்தாள். நான் அவளைப் பார்த்தேன். எப்படிப் பார்த்தேனோ தெரியாது, அவள் வாயை மூடிக்கொண்டு பாத்திரம் கழுவப் போய்விட்டாள்.

ஒரு மணி நேரத்தில் மேலே சீஸ் கருகிவிட்டது. உள்ளே கிழங்கு அப்படியே பச்சை. மூன்று பேரும் உட்கார்ந்து தின்றோம். நறநறவென்று கடிக்கிற சத்தம்தான். மீனிலிருந்து தண்ணீர் கசிந்து தட்டில் ஓடியது. அப்பா ஒரு வாய் மென்று விழுங்கிவிட்டு, “நல்லாயிருக்கு. இப்படித்தான் இருக்கணும்” என்றார். எனக்கு மூச்சு வந்தது. ஜெயித்துவிட்டேன் என்று நினைத்தேன்.

அப்போதுதான் அத்தைக்குப் பொறுக்கவில்லை. துப்பிவிட்டாள்.

“என்னடா நல்லாயிருக்கு? மாடுகூடத் திங்காது. அவ இதை ரெண்டு தடவை வேகவைப்பா. முதல்ல முழுசா, அப்புறம் அடைச்சு. இத்தனை வருஷம் தின்னியே, இதுகூடத் தெரியாதா உனக்கு?”

அப்பா மெல்லுவதை நிறுத்தினார். அத்தையைப் பார்க்கவில்லை, என்னையும் பார்க்கவில்லை. தட்டில் இருந்த கிழங்கையே பார்த்தார். எங்கே தப்புச் செய்தோம் என்று அவர் கண்டுபிடிக்கிறதை நான் கண்ணால் பார்த்தேன்.

“அப்படியா?” என்றார். பிறகு என் பக்கம் திரும்பி, “உனக்குத் தெரியுமாம்மா, ரெண்டு தடவைன்னு?”

“தெரியாதுப்பா. எனக்கு யாரு சொல்லித்தந்தாங்க?”

“யாரும் சொல்லித்தரலையா?”

“இல்லப்பா.”

அவர் தலையை ஆட்டினார். எழுந்து கை கழுவினார். வாசலுக்குப் போனார். செருப்புகளை அடுக்கும் சத்தம் கேட்டது. ஒவ்வொன்றாக, மெதுவாக.

திரும்பி வந்து, “பரீட்சைக்கெல்லாம் காத்திருக்க வேணாம். வியாழக்கிழமை கிளம்பறோம்” என்றார்.

இன்று பகலில் அத்தை, போன வாரம் அப்பா திருப்பிக் கொடுக்காமல் விட்ட ஹாட் பாக்ஸைத் துடைத்துப் பையில் வைத்தாள். “அடுத்தவங்க பாத்திரத்தை வீட்டுல வச்சுக்கிட்டு ஊரை விட்டுப் போகக் கூடாது. திங்கக்கிழமை நானே கொண்டு போய்க் குடுத்துடறேன்” என்று சுவரைப் பார்த்துச் சொன்னாள். கொஞ்ச நேரம் கழித்து, “அதுல போட வேண்டியது ஏதாவது இருந்தா போட்டுடு. எனக்கு ஒண்ணும் தெரியாது” என்றாள்.

அவளை நம்பலாமா என்று தெரியவில்லை. வேறு வழியும் இல்லை. மிளகு போடவில்லை அம்மா.

உன் கை வெந்தது மட்டும் உண்மையா? அது ஒன்றுதான் அந்தக் கடிதத்தில் என்னை வருத்திக்கொண்டே இருக்கிறது.

சிட்டு


மார்ச் 3, திங்கள்

என் கண்ணு, என் சிட்டுக்கு,

என் கைக்கு ஒன்றும் இல்லை. இரண்டு கையும் முழுசாக இருக்கிறது. நீ வந்து பார்.

உன் அத்தை கடைக்கு வந்து, மேஜை முன்னால் உட்கார்ந்து ஒரு மீன் கிழங்கு கேட்டாள். திங்கட்கிழமை அது கிடையாது. இருந்தும் நானே செய்து கொண்டுபோய் வைத்தேன். முழுசையும் சாப்பிட்டாள். “இதான் கிழங்கு. போன வெள்ளிக்கிழமை தின்னது என் தம்பியோட புத்தி” என்றாள். பிறகு டப்பாவை என் பக்கம் தள்ளிவிட்டு அழுதாள். அன்றைக்கு நான் தட்டினது அவளுக்கும் கேட்டதாம். இந்தக் கடிதத்தை அவள் ரவிக்கைக்குள் வைத்துக்கொண்டு வருவாள். இனி அந்த டப்பா வேண்டாம்.

உன்னை வேண்டாம் என்று நான் எழுதினதாக நினைத்து நீ அழுதாயே, அதை நினைத்தால்தான் என்னால் அடுப்படியில் நிற்க முடியவில்லை. நான் எழுதினது வேறு. முகவரியை நீதிமன்றத்தில் கொடுத்துவிட்டேன், தாள் வந்துகொண்டிருக்கிறது, பொறுத்துக்கொள் என்று எழுதியிருந்தேன். அதை அவர் படித்துவிட்டார். அதனால்தான் இந்த அவசரம்.

அவர் இங்கேயும் வந்தார். கடைக்குள் வரவில்லை. கண்ணாடிக்கு வெளியே நின்று என்னைப் பார்த்தார். நானும் பார்த்தேன். எனக்குப் பயம்தான், மறைக்க மாட்டேன். ஆனால் ஜன்னலை விட்டு நகரவில்லை. அவர்தான் முதலில் போனார்.

தாள் புதன்கிழமை கையில் கிடைத்துவிடும் என்கிறார்கள். கிடைத்த உடனே, எந்த நேரமானாலும், அதிகாரியம்மாவோடு வருகிறேன். உன் அப்பா இருந்தாலும் வருவேன், இல்லாவிட்டாலும் வருவேன். நீ செய்ய வேண்டியது ஒன்றுதான். யார் தட்டினாலும், என்ன பெயர் சொன்னாலும் உடனே திறக்காதே. அவர் எடுத்துக்கொண்ட கடிதத்தில் நான் எழுதியிருந்ததால், தொப்பிக்காரர் என்ற பெயர் இப்போது அவருக்கும் தெரியும். மிச்சத்தைக் கேள். நாம் எழுதாத மிச்சத்தை.

சரியான பதில் வந்தால் மட்டும் கால் விரலில் நில்.

உன் அம்மா


மார்ச் 5, புதன் இரவு

அம்மா,

இதை அனுப்ப வழி இல்லை. ஆனாலும் எழுதுகிறேன். எழுதிக்கொண்டிருந்தால் பல் கிட்டாமல் இருக்கிறது.

வீட்டில் ஒன்றும் இல்லை. கட்டிலைக்கூடக் கழற்றிவிட்டார்கள். அப்பா முதல் நடைச் சாமான்களோடு வேனில் போயிருக்கிறார். விடிவதற்குள் வந்து எங்களை ஏற்றிக்கொண்டு போவாராம். எங்கே என்று இன்னும் சொல்லவில்லை. போகும்போது மிச்சமிருந்த இரண்டு ஜோடிச் செருப்பையும், என்னுடையதையும் அத்தையுடையதையும், வாசலில் நேராக வைத்துவிட்டுப் போனார்.

நான் வழக்கமான இடத்தில், கதவடியில் படுத்திருக்கிறேன். வெளிச்சக் கோடு தாளில் விழுகிறது. அத்தை உள்ளே பாயில் உட்கார்ந்து, தன் சின்ன டிவியை மட்டும் கட்டவிடாமல் வைத்துக்கொண்டு, அதைச் சத்தமாகப் போட்டிருக்கிறாள். எப்போதும் மெதுவாகத்தான் வைப்பாள். “எனக்கு இனிமே காது கேக்காது” என்று என்னிடம் சொல்லிவிட்டுப் போனாள்.

அம்மா, எழுத வேண்டாம் என்று சொன்னதை இப்போது எழுதப்போகிறேன். பயத்தில் மறந்துவிடுவேனோ என்று இருக்கிறது. நீ தட்டோடு வந்து மேஜையைத் தட்டுவாய். நான், “யாரது?” நீ, “தொப்பிக்காரர்.” நான், “என்ன கொண்டு வந்தீங்க?” நீ, “மீன் கொண்டு வந்தேன்.” நான், “முள்ளு இருக்கா?” அப்போது நீ குரலை மாற்றிக்கொண்டு, பெரிய மீசைக்காரர் மாதிரி, “முள்ளெல்லாம் எடுத்தாச்சு, மகாராணி” என்பாய். அப்புறம்தான் நான் வாயைத் திறப்பேன்.

நினைவிருக்கிறது. எல்லாம் நினைவிருக்கிறது.

கீழே ஒரு வண்டி நின்றது. வேன் சத்தமா என்று தெரியவில்லை. டிவி சத்தத்தில் பிரித்துக் கேட்க முடியவில்லை.

படியில் ஏறுகிறார்கள். ஒருவர் இல்லை.

நிழல் தாளின் மேல் வந்துவிட்டது. நான்கு கால். போகவில்லை. நிற்கிறது.

தட்டுகிறார்கள். அப்பா தட்டமாட்டார், சாவி போட்டுத் திறப்பார். ஆனால் மேல் தாழ்ப்பாளை நான்தான் போட்டேன். சாவி போட்டாலும் அவரால் திறக்க முடியாது. அவரும் தட்டத்தான் வேண்டும்.

யாரது என்று கேட்டுவிட்டேன். குரல் எனக்கே கேட்கவில்லை. திரும்பக் கேட்டேன்.

தொப்பிக்காரர் என்கிறது. கிசுகிசுப்பான குரல். ஆணா பெண்ணா என்று தெரியவில்லை. அந்தப் பெயர் அவருக்கும் தெரியும்.

அத்தை டிவியை அணைத்துவிட்டாள்.

என்ன கொண்டு வந்தீங்க என்று கேட்டேன். மீன் என்கிறது. அதுவும் யாரும் சொல்லக்கூடியதுதான். அவரும் சொல்லிவிடுவார். இன்னும் ஒன்றுதான் பாக்கி. எழுந்து நின்று கதவில் தாளை வைத்து எழுதுகிறேன், ஒரு கை தாழ்ப்பாளில் இருக்கிறது, கால் விரலில் நிற்கிறேன்.

முள்ளு இருக்கா என்று கேட்டேன்.

யாரோ அழுகிற மாதிரி இருக்கிறது. தொண்டையைச் செருமுகிறது. மீசைக்காரர் குரல். முள்ளெல்லாம் எடுத்தா